என் பெயரில் ஆடியவள்

அவளைப் போல ஒரு மடச்சியை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. கபடியில் எதிராளி நம்மைத் தொட்டுவிட்டுத் தன் பக்கம் போய்ச் சேர்ந்துவிட்டால் நாம் அவுட். ஆனால் அம்பயர் பார்த்தால்தான் அவுட். பார்க்காவிட்டால் எதுவுமே நடக்காத மாதிரி நிற்க வேண்டும். இது தெருவில் ஆடும் வாண்டுகளுக்கும் தெரியும். "மேல படல, சட்டைலதான் பட்டுச்சு" என்று ஆத்தா மேல் சத்தியம் செய்கிற ஊர் எங்களுடையது. இவள் மட்டும், நகம் உரசினால்கூட வலது கையை ஒருமுறை உயர்த்திவிட்டு, யாரும் கேட்பதற்கு முன்பே கோட்டைத் தாண்டிப் போய் உட்கார்ந்துகொள்வாள்.

முதல் நாள் பயிற்சியிலேயே இது நடந்தது. எங்கள் பி.டி. டீச்சருக்கு ஒன்றும் புரியவில்லை.

"ஏண்டி வெளிய போற? நான் விசிலடிச்சேனா?"

"தொட்டுட்டாங்க டீச்சர்."

"யாரு பாத்தா?"

"பட்டது எனக்குத் தெரியும்ல."

டீச்சர் அவளை மேலும் கீழும் பார்த்தார். பிறகு எங்களைப் பார்த்து, "இந்தக் கிறுக்கு மட்டும் தெளிஞ்சிருச்சுன்னா இவள அடிச்சுக்க ஜில்லாவுல ஆள் கிடையாது" என்றார். நாங்கள் சிரித்தோம். நான்தான் சத்தமாகச் சிரித்தேன் என்று நினைக்கிறேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது எனக்கு என்மேலேயே ஆத்திரம் வருகிறது.

அவள் எங்கள் பள்ளி மாணவி இல்லை. இதை வெளியே யாருக்கும் தெரியாமல் பார்த்துக்கொள்வதுதான் அந்த வருடம் எங்கள் எல்லோருக்கும் வேலை. தொண்ணூறுகளின் பின்பாதி அது. திண்டுக்கல்லில் ஒரு பெண்கள் பள்ளியில் நான் பத்தாவது படித்துக்கொண்டிருந்தேன். அவளுக்கு ரெட்டியார்சத்திரம் தாண்டி ஒரு கிராமம். அப்பா இல்லை. எட்டாவதோடு படிப்பை நிறுத்திவிட்டு நூல் மில்லில் நூலைக் கோனில் சுற்றும் வேலைக்குப் போனாள். அவள் ஊர்ப் பொங்கல் விளையாட்டு விழாவுக்குப் பரிசு கொடுக்கப் போன எங்கள் டீச்சர், அங்கே அவள் தாவணியை இழுத்துச் செருகிக்கொண்டு நான்கு பேரை இழுத்துக்கொண்டு கோட்டுக்கு வந்ததைப் பார்த்துவிட்டார். வீட்டுக்கே போய் அவள் அம்மாவிடம் பேசி, அவளுக்கும் ஒரு வாக்குக் கொடுத்தார்.

"டிஸ்ட்ரிக்ட் கப்பு மட்டும் வாங்கிக் குடுத்துரு. ஜூன் மாசம் ஒன்னைய ஒம்பதாவதுல சேத்து ஹாஸ்டல்ல போடுறது எம் பொறுப்பு. அப்புறம் நீ மில்லுப் பக்கம் தலவச்சும் படுக்க வேணாம்."

அவளுக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான். மில்லை விட்டு வெளியே வர வேண்டும். கோப்பையோ, மாலையோ, பேப்பரில் பெயர் வருவதோ அவளுக்குப் பொருட்டில்லை. ஷிப்டு முடிந்து பஸ் பிடித்து நான்கு மணிக்கு மைதானத்துக்கு வருவாள். புருவத்திலும் காது மடலிலும் பஞ்சு ஒட்டியிருக்கும். முகம் கழுவாமல் அப்படியே இறங்கிவிடுவாள். ஆடி முடித்த பிறகு இருமுவாள். ஆடும்போது இருமி நான் பார்த்ததில்லை.

"பஞ்சு மூக்குல ஏறிருச்சுன்னா கொழம்பு வாசங்கூடத் தெரியாது புள்ள. உப்பு ஒறைக்குதா பாக்குறதுக்கு எந் தங்கச்சியத்தான் கூப்புடுறேன்" என்பாள். சொல்லிவிட்டு, ஒன்பதாவதில் கணக்கு ரொம்பக் கஷ்டமா என்று கேட்பாள். என்னுடைய பழைய ஒன்பதாம் வகுப்புப் புத்தகங்களைத் தனக்காக எடுத்து வைக்கச் சொல்லியிருந்தாள். நான் எடுத்து வைத்திருந்தேன். அதை மட்டும் செய்தேன்.

வெளியிலிருந்து ஆளைக் கொண்டுவந்து பள்ளி அணியில் ஆட வைப்பதற்கு எங்கள் பக்கத்தில் 'ஆள் இறக்குறது' என்று பெயர். எல்லாப் பள்ளியும் செய்தது என்று எங்கள் டீச்சர் சொல்லுவார். அவர் சொன்னதற்கு மேல் எனக்கு ஆதாரம் இல்லை. ஆனால் செய்யும் முறை தெரியும், ஏனென்றால் எங்கள் வீட்டு நடுக்கூடத்தில்தான் அது நடந்தது. போட்டிக்கு அனுப்பும் படிவத்தில் பள்ளியில் படிக்கும் ஒரு பெண்ணின் பெயர், தகப்பனார் பெயர், பிறந்த தேதி எல்லாம் எழுதி, போட்டோவை மட்டும் இறக்கிய ஆளுடையதாக ஒட்டிவிட வேண்டும். போட்டோ பாதி, தாள் பாதி என்று விழுகிற மாதிரி தலைமையாசிரியர் முத்திரை குத்திவிடுவார். முத்திரை விழுந்துவிட்டால் அதற்குப் பிறகு அது உண்மை.

என் பெயரைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் சாதாரணமானது. நான் கபடி அணிக்கு மூன்று வருடமாக ஆசைப்பட்டு மூன்று வருடமும் தேறாதவள். ஓடுவேன், ஆனால் ஆள் மேலே விழுந்தால் கண்ணை மூடிக்கொள்வேன். என் வயது சரியாக இருந்தது. எல்லாவற்றுக்கும் மேலாக, என் அப்பா மறுக்க மாட்டார் என்று டீச்சருக்குத் தெரிந்திருந்தது. அப்பா நாகல் நகரில் ஒரு லாரி பார்சல் ஆபீஸில் கணக்கர். டீச்சர் வந்து உட்கார்ந்து, காப்பி குடித்து, விஷயத்தைச் சுற்றிவளைத்துச் சொன்னார். அது தப்பா, பிடிபட்டால் என்ன ஆகும், அந்தப் பிள்ளை யார், என்ன சாப்பிடுகிறது என்று அப்பா எதுவும் கேட்கவில்லை. ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"சர்ட்டிபிகேட்டுல யார் பேர் இருக்கும்?"

"ஒங்க பொண்ணு பேருதாண்ணே."

"அப்பச் சரி" என்றார் அப்பா. அப்பாவை நான் குறை சொல்லலாம். முப்பது வருடமாகச் சொல்லிக்கொண்டும் இருக்கிறேன். ஆனால் கதவுக்குப் பின்னால் நின்று அதைக் கேட்டபோது என் வயிற்றுக்குள் சந்தோஷம் குதித்ததை யார் மேல் போடுவது?

மில்லில் அவளுக்கு வயது பதினெட்டு என்று எழுதி வைத்திருந்தார்கள், வேலைக்கு எடுக்க வேண்டுமே. எங்கள் படிவத்தில் பதினைந்து. நிஜத்தில் பதினேழு நடந்துகொண்டிருந்தது. அந்த வயதை யாரும் எங்கேயும் எழுதவில்லை.

போட்டியில் யாராவது சந்தேகப்பட்டுக் கேட்டால் சொல்வதற்காக அவள் என் வாழ்க்கையை மனப்பாடம் செய்ய வேண்டியிருந்தது. சொல்லிக்கொடுக்கும் பொறுப்பு எனக்கு. சைக்கிள் ஷெட்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு வாரம் பாடம் நடந்தது. அப்பா பெயர், அம்மா பெயர், வீட்டு எண், தெரு, வகுப்பு ஆசிரியை பெயர், ரோல் நம்பர். இரண்டே நாளில் மொத்தமும் ஏறிவிட்டது. ஆனாலும் விட மாட்டாள்.

"ஒங்க வீட்டுல ஞாயித்துக்கெழம என்ன வெஞ்சனம்?"

"அதெல்லாம் கேக்க மாட்டாங்கக்கா."

"கேட்டுட்டா? முழிக்கணுமா?"

சொன்னேன். எங்கள் வீட்டு ஞாயிற்றுக்கிழமைக் கறிக்குழம்பையும் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். பிறகு, "ஒங்கப்பா பேரச் சொல்றப்ப மட்டும் நாக்கு தடிக்குது புள்ள. எங்கப்பாரு எங்கனயோ நின்னு கேக்குற மாதிரி இருக்கு" என்றாள்.

எனக்கு அப்போதே ஒரு சந்தேகம் வந்து கேட்டும் விட்டேன். "ஏன்க்கா, ஊர்பட்ட பொய்யி சொல்லித்தான ஆடப் போற. அப்புறம் தொட்டா மட்டும் எதுக்கு அரிச்சந்திரன் மாதிரி வெளிய போற?"

அவள் கோபப்படவில்லை. எளிய கணக்கு ஒன்றைச் சொல்கிற மாதிரி சொன்னாள்: "பேரு ஒங்களோடது. அது பொய்யின்னா அது ஒங்க டீச்சரு பாடு. கோட்டுக்குள்ள நடக்குறது என்னோடது புள்ள. அதுல பொய் சொன்னா எனக்குக் காலு நிக்காது."

இப்படித்தான் அவள் தன்னை இரண்டாகப் பிரித்து வைத்திருந்தாள். கோட்டுக்கு வெளியே நாங்கள் என்ன சொன்னாலும் சரி. உள்ளே அவள் ராஜ்ஜியம். ஆட இறங்குவதற்கு முன் தலையிலிருந்து நான்கு ஹேர்பின்னும் கையிலிருந்து இரண்டு ரப்பர் வளையலும் கழற்றி என்னிடம் கொடுப்பாள். அணியில் எனக்கு இருந்த ஒரே வேலை அவற்றைப் பத்திரமாக வைத்திருப்பதுதான். உள்ளே இறங்கியதும் எல்லோரும் என் பெயரைச் சொல்லி அவளைக் கூப்பிடுவார்கள். "விடாத, பிடி!" என்று என் பெயரோடு கத்துவார்கள். ஒவ்வொரு முறையும் நான்தான் திரும்பிப் பார்ப்பேன். டீச்சர் ஒருநாள் என் தலையில் குட்டி, "நீ ஏண்டி திரும்புற?" என்றார்.

நகரப் பள்ளிகளுக்குள் நடந்த ஆட்டங்களில் அவள் தானாக வெளியே போய் நாங்கள் இழந்த புள்ளிகள் ஏழெட்டு இருக்கும். 'கபடி கபடி' என்று பாடிப் போய்ச் சம்பாதித்துக் கொடுத்ததோடு ஒப்பிட்டால் அது ஒன்றுமில்லை. ஆனாலும் டீச்சர் ஒவ்வொன்றுக்கும் அவளைத் திட்டினார். அவள் தலையைக் குனிந்துகொண்டு கேட்டுக்கொள்வாள். அடுத்த ஆட்டத்தில் நகம் பட்டால் மறுபடியும் கை மேலே போகும்.

மாவட்ட இறுதி ஆட்டம் வத்தலக்குண்டில் நடந்தது. மதிய வெயில். எதிரணி ஒரு கிராமத்துப் பள்ளி. ஏழு பேரும் ஒரே மாதிரி வெளுத்த நீலச் சட்டை. நல்ல ஆட்டக்காரிகள், பொய்யில்லாத ஆட்டக்காரிகள் என்றும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கடைசி நிமிடத்தில் நாங்கள் ஒரு புள்ளி முன்னால் இருந்தோம். அவர்கள் ஆள் பாடி வந்தாள். எங்கள் மூலையில் இவள் நின்றாள். வந்தவள் திரும்பிப் போகும்போது கையைப் பின்னால் வீசினாள். அது இவள் முழங்கையில் பட்டதா இல்லையா என்று வந்தவளுக்கே தெரியாது. அம்பயர் அந்தப் பக்கம் நின்றார். அவர் கை அசையவில்லை. இன்னும் சில நொடிகள் நின்றிருந்தால் நீண்ட விசில் ஊதியிருக்கும், கோப்பை எங்களுடையதாகியிருக்கும், அவளுக்கு ஜூனில் ஹாஸ்டல்.

அவள் கையைத் தூக்கிவிட்டு வெளியே போய் உட்கார்ந்தாள்.

மைதானத்தில் ஒரு சத்தம் எழுந்தது. அது கைதட்டலா ஏளனமா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. ஆட்டம் சமம். கூடுதல் நேரம் என்று அறிவித்தார்கள். டீச்சர் நேராக அவளிடம் நடந்து போய், எல்லோரும் பார்க்கக் கன்னத்தில் ஓங்கி ஓர் அறை விட்டார்.

"ஒனக்கு மில்லுதாண்டி லாயக்கு. போயி பஞ்சத் தின்னு."

ஒருவரும் தடுக்கவில்லை. அம்பயர் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். நான் அவளுடைய ஹேர்பின்களை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றேன், உள்ளங்கையில் தடம் பதிந்துவிட்டது. அவள் கன்னத்தைத் தடவக்கூட இல்லை. கூடுதல் நேரத்தில் உள்ளே போனாள். ஆறு முறை பாடிப் போனாள். ஆறு முறையும் யாரையாவது தொட்டுவிட்டுத் திரும்பினாள். மூன்று புள்ளி வித்தியாசத்தில் நாங்கள் ஜெயித்தோம்.

அதோடு முடிந்திருந்தால்கூட நான் இதை எழுதியிருக்க மாட்டேன். எதிரணியின் உடற்கல்வி ஆசிரியர் ஆட்சேபணை எழுதிக் கொடுத்தார். எங்கள் மூலை ஆட்டக்காரி பள்ளி மாணவியே இல்லை, மில்லில் வேலை பார்க்கும் பெண், அவளை மில் வேனில் பார்த்திருப்பதாக அவருடைய மாணவி ஒருத்தி சொல்கிறாள் என்றார். ஷாமியானாவுக்கு அடியில் மேசை போட்டு உட்கார்ந்திருந்த அதிகாரி எங்கள் படிவத்தை எடுத்து வைத்துக்கொண்டு அவளைக் கூப்பிட்டார்.

"உன் பேரு என்னம்மா?"

அவள் என் பெயரைச் சொன்னாள். நான் மூன்றடி தள்ளி நின்றுகொண்டிருந்தேன்.

"அப்பா பேரு?"

என் அப்பாவின் பெயரைச் சொன்னாள். அந்த இடத்தில் மட்டும் நாக்கு தடித்தது. வீடு எங்கே, வகுப்பு ஆசிரியை யார், ரோல் நம்பர் என்ன. எல்லாவற்றுக்கும் சரியான பதில் வந்தது. ஆனாலும் எதிரணி ஆசிரியர் விடவில்லை. "சார், மனப்பாடம் பண்ணிட்டு வந்திருக்கு சார். கையப் பாருங்க, நூலு அறுத்த தழும்பு" என்று அவள் விரல்களைக் காட்டினார். அதிகாரி அந்த விரல்களைப் பார்த்தார். அவர் முகம் மாறியது. எங்கள் டீச்சருக்கு வேர்த்துக் கொட்டியது.

அப்போதுதான் அம்பயர் குறுக்கே வந்தார். வயதானவர், நல்ல மனிதர். அவர் நல்லெண்ணத்தோடுதான் சொன்னார் என்பதை நினைக்கும்போது எனக்கு இன்னும் எரிகிறது.

"சார், நான் இருபது வருசமா விசில் ஊதுறேன். நான் பாக்காத தொடுதலுக்குத் தானா வெளிய போன புள்ளைய இன்னிக்குத்தான் பாத்தேன். கப்பே கைய விட்டுப் போகும்னு தெரிஞ்சும் போச்சு சார். இந்தப் புள்ளையா பொய் சொல்லும்? இதுமேல சந்தேகப்பட்டா பாவம் சார்."

சுற்றி நின்றவர்கள் எல்லோரும் தலையாட்டினார்கள். எதிரணிப் பெண்கள்கூட. அதிகாரி படிவத்தை மூடினார். ஆட்சேபணை தள்ளுபடி. எதிரணி ஆசிரியரிடம், "உங்க புள்ளைங்களுக்கு இந்த மாதிரி நேர்மையச் சொல்லிக்குடுங்க சார்" என்று புத்தி வேறு சொன்னார். அந்த ஏழு நீலச் சட்டைப் பெண்களும் பையைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அதில் ஒருத்தி அழுதுகொண்டே போனாள். அவர்களுக்கு எந்தச் சான்றிதழ் கிடைக்க வேண்டியதோ அது என் பெயரில் வந்தது.

எங்கள் டீச்சர் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். அரை மணி நேரத்துக்கு முன்னால் அறைந்த அதே கன்னத்தில் முத்தம் கொடுத்தார். "ஏ தங்கம், ஒன் கிறுக்குதாண்டி இன்னிக்கு நம்மளக் காப்பாத்துச்சு" என்றார்.

திண்டுக்கல் திரும்பும் பஸ்ஸில் பிள்ளைகள் பாடினார்கள். டிரைவர் பக்கத்து இன்ஜின் மூடி மேல் கோப்பையை வைத்திருந்தார்கள். அவள் ஜன்னலோரம் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். வளையலையும் ஹேர்பின்னையும் நீட்டினேன். வாங்கி மடியில் போட்டுக்கொண்டாள், மாட்டிக்கொள்ளவில்லை.

"என்னக்கா? ஜூன்ல ஒம்பதாவது. சிரிக்கக்கூட மாட்டியா?"

"பேரு ஒங்களோடது, ஆட்டம் என்னோடதுன்னுல்ல இருந்தேன்" என்றாள். ஊர் வரும்போது, "ஆட்டத்தையும் எடுத்துக்கிட்டீங்க புள்ள" என்றாள்.

மாநிலப் போட்டிக்குப் போனோம். மூன்றாம் இடம் வந்தோம். முதல் ஆட்டத்திலேயே எதிராளி அவள் தோளில் நன்றாகத் தொட்டுவிட்டுப் போனாள், நான் என் கண்ணால் பார்த்தேன். அம்பயர் பார்க்கவில்லை. அவள் நின்ற இடத்தில் நின்றாள். கை மேலே போகவில்லை. மற்றவர்களைப் போலவே அவளும் அம்பயர் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அதற்குப் பிறகு அவள் தானாக வெளியே போய் நான் பார்க்கவே இல்லை. "இப்பத்தான் பெரிய பிளேயரா ஆயிருக்கா" என்று டீச்சர் எங்களிடம் பூரித்துப் போனார். ஆண்டு விழாக்களில் யாராவது மைக்கைப் பிடித்து, விளையாட்டு பிள்ளைகளுக்கு நேர்மையைக் கற்றுத் தருகிறது என்று பேசினால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவளிடம் நேர்மை ஏற்கெனவே இருந்தது. ஒரு கோப்பைக்காக நாங்கள்தான் அதை மறக்கடித்தோம்.

ஜூன் வந்தது. எண்ணெய் தேய்த்துப் படிய வாரி, இரட்டைச் சடை போட்டு, ரிப்பன் கட்டிக்கொண்டு அவள் பள்ளிக்கு வந்தாள். பதினேழு வயதில் இரட்டைச் சடை. தலைமையாசிரியர் அறைக்கு வெளியே பெஞ்சில் காலையிலிருந்து மத்தியானம் வரை உட்கார்ந்திருந்தாள். வயது தாண்டிவிட்டது என்றார்கள். பழைய பள்ளியில் டி.சி. வாங்கவில்லை என்றார்கள். கடைசியில் உண்மையான காரணத்தையும் சொன்னார்கள்: மில்லில் வேலை பார்த்த பெண்ணை ஹாஸ்டலில் போட்டால் மற்ற பிள்ளைகள் கெட்டுப்போகுமாம். டீச்சர் அன்று லீவு. உண்மையிலேயே லீவா என்று நான் விசாரிக்கவில்லை. எடுத்து வைத்திருந்த புத்தகங்களை அவளிடம் கொடுக்கலாமா வேண்டாமா என்று வகுப்பில் உட்கார்ந்து யோசித்துக்கொண்டே இருந்தேன். மணி அடித்து வெளியே வந்தபோது பெஞ்சு காலியாக இருந்தது. மறு வாரம் அவள் மில் வேனில் போவதைப் பார்த்ததாக ஒருத்தி சொன்னாள்.

அந்தச் சான்றிதழ் என்னைக் கைவிடவில்லை. மாநில அளவில் மூன்றாம் இடம் என்ற ஒரு வரிக்காக உடற்கல்விப் பயிற்சிக் கல்லூரியில் இடம் கிடைத்தது. படித்தேன், தேறினேன், அரசுப் பள்ளியில் வேலை வாங்கினேன். ஆமாம், நான் பி.டி. டீச்சர். மேலே ஆள் விழுந்தால் கண்ணை மூடிக்கொள்கிறவள் பிள்ளைகளுக்குக் கபடி சொல்லிக்கொடுக்கிறேன். ஆண்டு விழாவில் மைக்கைப் பிடித்து அந்த நேர்மை வசனத்தைப் பேசுகிறவர்களில் நானும் ஒருத்தி.

பத்துப் பன்னிரண்டு வருடம் கழித்து ஒருநாள் சாயங்காலம் அவள் என் பள்ளி மைதானத்துக்கு வந்தாள். பிள்ளைகள் பயிற்சியில் இருந்தார்கள். மெலிந்து, கன்னம் ஒட்டிப்போய், நூல் புடவையில் நின்றவளை முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை. இருமினாள், தெரிந்துவிட்டது.

"வாரப்பயே பாத்தேன். பாடிப் போறப்ப வலதுகால முன்ன வைக்கச் சொல்றியே, யாரு சொன்னா?" என்றாள். அதுதான் முதல் பேச்சு. செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கி, என் மாணவி ஒருத்தியின் இடுப்பைப் பிடித்துத் திருப்பி நிறுத்தி, எப்படி என்று காட்டினாள். அந்தப் பெண் அடுத்த முறையே இரண்டு பேரைத் தொட்டுவிட்டு வந்தாள்.

பிறகுதான் வந்த விஷயத்தைச் சொன்னாள். மில்லில் இனி முடியவில்லை. டாக்டர் பஞ்சுத் தூசி ஆகாது என்று சொல்லிவிட்டார். ஒட்டன்சத்திரம் பக்கம் ஒரு தனியார் பள்ளியில் பெண்களுக்குக் கபடி சொல்லித்தர ஆள் தேடுகிறார்கள். அவள் ஆடிக் காட்டியதைப் பார்த்து அவர்களுக்குத் திருப்தி.

"எட்டாவதுன்னாலும் பரவால்ல, மாநில அளவுல ஆடுனதுக்கு ஒரு அத்தாட்சி மட்டும் கொண்டுவாங்கன்னாங்க. எங்கிட்ட என்ன இருக்கு? நீ ஒரு கடுதாசி எழுதிக் குடு. அந்த வருசம் ஆடுனது நாந்தான்னு."

"அக்கா, அப்படி எழுதுனா எஞ் சர்ட்டிபிகேட்டு பொய்யின்னு ஆயிரும். என் வேலையே போயிரும்."

"ஒன் வேலைய நான் கேக்கலையே." அவள் யோசித்தாள். "ரெண்டு பேரும் ஆடுனோம்னு எழுத முடியாதா? டீமுல பன்னெண்டு பேரு உண்டுல்ல."

அவள் கேட்டது அவ்வளவுதான். நான் ரெண்டு நாள் டைம் கேட்டேன். தலையாட்டிவிட்டுப் போனாள்.

இரண்டு நாள் கழித்து அவள் பள்ளி கேட் அருகே வருவதை மாடியிலிருந்து பார்த்தேன். நான் லீவு என்று சொல்லச் சொல்லி வாட்ச்மேனிடம் ஆள் அனுப்பிவிட்டு, விளையாட்டுச் சாமான்கள் போட்டு வைக்கும் அறைக்குள் போய் உள்ளே தாழ் போட்டுக்கொண்டேன். ஒன்றரை மணி நேரம் அங்கே இருந்தேன். நாற்பது வாலிபால், கிழிந்த நெட்டு, நான். வெளியே வந்தபோது என் கபடிப் பிள்ளைகள் மூச்சு வாங்க ஓடி வந்தார்கள்.

"டீச்சர், அன்னிக்கு வந்த அக்கா இன்னிக்கும் வந்துச்சு. ஒங்களக் காணோம்னதும் எங்களுக்குச் சொல்லிக்குடுத்துட்டுப் போச்சு. சூப்பரா சொல்லிக்குடுக்குது டீச்சர். நம்ம ஸ்கூலுக்கே கூப்பிட்டுக்கலாம்ல?"

"என்ன சொல்லிச்சு? எதுவும் சொல்லிட்டுப் போச்சா?"

"ஒங்களத் திட்டக் கூடாதுன்னு சொல்லுச்சு டீச்சர்."

"என்னது?"

"எங்க டீச்சருக்கு ஆடத் தெரியாதுல்லன்னு இவதான் கேட்டா. அதுக்கு அந்தக்கா, அப்படியெல்லாம் பேசக் கூடாது, அவங்க பேரு மாநிலம் வரைக்கும் போன பேருன்னுச்சு."

அவள் என்னைத் திட்டியிருக்க வேண்டும். கேட் அருகே நின்று, மண்ணை வாரித் தூற்றி, ஊரைக் கூட்டியிருக்க வேண்டும். அவள் அப்படிச் செய்திருந்தால் நான் இத்தனை வருடம் எங்கள் டீச்சரையும், அப்பாவையும், அந்த நல்ல அம்பயரையும் திட்டிக்கொண்டு நிம்மதியாக இருந்திருப்பேன். அவள் பிறகு வரவில்லை. நான் தேடிப் போகவில்லை. அந்த வேலை அவளுக்குக் கிடைத்ததா, மில்லிலேயே இருந்தாளா, இருக்கிறாளா, எனக்குத் தெரியாது.

எழுதியதை இப்போது படித்துப் பார்த்தேன். கோபத்தில் ஆரம்பித்து எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டுவிட்ட மாதிரிதான் இருக்கிறது. ஆனால் அவள் ஊரை, 'ரெட்டியார்சத்திரம் தாண்டி' என்று எழுதி நிறுத்திவிட்டேன். எந்த வருடம், எந்தப் பள்ளி, எந்த மில் என்று எழுதவில்லை. அவள் பெயரை ஓரிடத்தில்கூட எழுதவில்லை. மறந்துவிடவில்லை, இனிஷியலோடு தெரியும். அதை எழுதினால் யாராவது போய் அவளைக் கண்டுபிடித்துக் கேட்பார்கள். அவள் இந்த முறை உண்மையைச் சொல்லிவிடலாம். எனக்கு இன்னும் சர்வீஸ் பாக்கி இருக்கிறது.